நிரந்தரம் ஒரு கணக்கு, கூலி இன்னொரு கணக்கு

வாசகர் கேள்வி-பதில்

அரசுத் துறைகளிலும் உள்ளாட்சிகளிலும் தினக்கூலிக்கு வேலை செய்கிறவர்கள் சம்பளச் சந்தேகங்களை எழுதி அனுப்பலாம் என்று போன இதழில் சொன்னாலும் சொன்னேன், திருப்பூர், ஈரோடு, நாமக்கல், கரூர் என்று கடிதங்கள் வந்து குவிந்துவிட்டன. பாதிக்கு மேல் தூய்மைப் பணியாளர்கள். எல்லாரும் மறக்காமல் கேட்டது "பேர் போட்டுறாதீங்க" என்பதுதான். போடவில்லை. ஊரைக்கூட மாவட்டத்தோடு நிறுத்திக்கொண்டேன், ஏனென்றால் எழுதினது யார் என்று ஒரு மேஸ்திரி கண்டுபிடிக்க டீ குடிக்கிற நேரம் போதும். நான் வக்கீல் இல்லை. கோவையில் தொழிலாளர் வழக்கு பார்க்கிற ஒரு வக்கீலிடம் இருபத்து மூன்று வருடம் குமாஸ்தாவாகக் கட்டு சுமந்தவன். அந்த அனுபவத்தில் சொல்கிறேன்.

கேள்வி: வணக்கங்கண்ணா. நகராட்சியில ஒப்பந்தத்துல குப்பை வண்டி தள்றேங்க, ஒன்பது வருசமாச்சு. கலெக்டர் கூலின்னு ஒண்ணு சொல்றாங்க, அரசாணைக் கூலின்னு ஒண்ணு சொல்றாங்க, டெண்டர்ல வேற ஒண்ணு இருக்குதாமா. எங்க கைக்கு வர்றது மாசம் ஒன்பதாயிரத்துச் சில்லறைதானுங்க. இதுல எதுங்க எங்க கூலி?
(தூய்மைப் பணியாளர், திருப்பூர் மாவட்டம்)

பதில்: மூன்றுமே இருக்கிறது அம்மணி, அதனால்தான் குழப்புகிறார்கள். அரசாணைக் கூலி என்பது குறைந்தபட்சக் கூலி. உள்ளாட்சிகளில் வேலை செய்கிறவர்களுக்குத் தொழிலாளர் துறை 11.10.2017 அன்று போட்ட 62(2டி) அரசாணையைத்தான் சங்கத்துக்காரர்கள் "அறுபத்திரண்டு" என்று சுருக்கிச் சொல்வார்கள். அடிப்படைக் கூலியோடு பஞ்சப்படியும் சேரும், பஞ்சப்படி விலைவாசிக் குறியீட்டு எண்ணைப் பார்த்து வருடா வருடம் ஏப்ரல் முதல் தேதி மாறும். இதற்குக் கீழே ஒரு ரூபாய் குறைத்தாலும் சட்ட மீறல், நீங்களே சம்மதித்துக் கையெழுத்துப் போட்டிருந்தாலும் அந்தக் கையெழுத்து செல்லாது.

கலெக்டர் கூலி என்பது மாவட்டத்துக்கு மாவட்டம் ஆட்சியர் நிர்ணயிக்கிற தினக்கூலி விகிதம். பெரும்பாலும் அரசாணைக் கூலியைவிடக் கூடுதலாக இருக்கும். 2022 அக்டோபரில் கோவை மாநகராட்சியின் ஒப்பந்தத் தூய்மைப் பணியாளர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது "721" என்று கோஷம் போட்டது நினைவிருக்கும், அது இந்தக் கூலிதான். ஆனால் இதில் ஒரு நுணுக்கம். அரசாணைக் கூலிக்குச் சட்டமே காவல். கலெக்டர் கூலி வேண்டுமென்றால் உங்கள் நகராட்சி மன்றம் அதை ஏற்றுத் தீர்மானம் போட்டிருக்கிறதா, ஒப்பந்தத்தில் அது எழுதப்பட்டிருக்கிறதா என்று பார்க்க வேண்டும். ஒப்பந்தத்தில் இருந்தால் விடாதீர்கள்.

சரி, ஒன்பதாயிரம் எப்படி வந்தது? நாளுக்கு 500 ரூபாய், மாதம் 26 நாள் என்று ஒரு பேச்சுக்கு வைத்துக்கொள்வோம். மொத்தம் 13,000. உங்கள் பங்காக பி.எஃப்.புக்கு (வருங்கால வைப்பு நிதி) 12 சதவீதம் 1,560 ரூபாய், இ.எஸ்.ஐ.க்கு (தொழிலாளர் மருத்துவக் காப்பீடு) முக்கால் சதவீதம் 98 ரூபாய் பிடிக்கலாம். கைக்கு 11,340 பக்கம் வந்தாக வேண்டும். ஆனால் ஒப்பந்தக்காரர் தான் கட்ட வேண்டிய பங்கையும், அதாவது பி.எஃப். பக்கம் நிர்வாகக் கட்டணமெல்லாம் சேர்த்து 13 சதவீதம், இ.எஸ்.ஐ. மூன்றேகால் சதவீதம், இதையும் உங்கள் கூலியிலிருந்தே உருவிக்கொண்டால் இன்னொரு 2,110 போய்விடும். கைக்கு 9,230. நீங்கள் எழுதிய "ஒன்பதாயிரத்துச் சில்லறை"யைப் பார்த்ததும் எனக்கு இந்தக் கணக்குதான் ஞாபகம் வந்தது. வருடத்துக்கு ஓராளிடம் இருபத்தையாயிரத்துக்கு மேல், நூறு ஆள் இருந்தால் எவ்வளவு என்று நீங்களே பெருக்கிக்கொள்ளுங்கள். முதலாளி பங்கைத் தொழிலாளியிடம் பிடிப்பதை இரண்டு சட்டங்களுமே தடுக்கின்றன. இதில் கொடுமை, பிடித்த பணத்தைக் கட்டாமலே விடுகிறவர்களும் உண்டு. உங்கள் யு.ஏ.என். எண்ணை, அதாவது எத்தனை முதலாளி மாறினாலும் மாறாத பி.எஃப். எண்ணை, வைத்து பி.எஃப். பாஸ்புக்கை எடுத்துப் பாருங்கள், வீட்டில் படிக்கிற பிள்ளை இருந்தால் ஐந்து நிமிட வேலை.

அப்புறம் தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு போடுங்கள். பத்து ரூபாய் கோர்ட் ஃபீஸ் ஸ்டாம்பு போதும். ஒப்பந்த நகல், ஆளொன்றுக்கு நகராட்சி கொடுக்கும் தினக்கூலி, கடைசி ஆறு மாத பில், பில்லோடு வைத்த பி.எஃப். சலான், இந்த நான்கை மட்டும் கேளுங்கள். "எங்களுக்கு ஏன் கூலி குறைவு" என்று கேள்வி கேட்டால் பதில் வராது. காகிதம் கேட்டால் 30 நாளில் காகிதம் கொடுத்தாக வேண்டும். உங்கள் பெயரில் போடப் பயமாக இருந்தால் வெளியூர் உறம்பரை யாரையாவது போடச் சொல்லுங்கள், எந்தக் குடிமகனும் கேட்கலாம்.

காகிதம் வந்ததும் தொழிலாளர் துறை அலுவலகத்தில் கோரிக்கை மனு. பழைய 1948 குறைந்தபட்சக் கூலிச் சட்டத்தில் ஆறு மாதத்துக்குள் போட வேண்டும் என்று இருந்தது, அந்தக் கெடு தெரியாமல் எத்தனையோ பேர் நிலுவையைத் தொலைத்தார்கள். 21.11.2025 முதல் ஊதியச் சட்டத் தொகுப்பு அமலுக்கு வந்துவிட்டது, அதில் மூன்று வருடம். பழைய தொழிலாளர் சட்டங்களைச் சேர்த்துக் கட்டின இந்த மாதிரி நான்கு தொகுப்புகளைப் பற்றியும் தொழிற்சங்கங்களுக்கு ஆயிரம் ஆட்சேபம் இருக்கிறது, எனக்கும் சில உண்டு, ஆனால் இந்த மூன்று வருடம் நல்லது, பயன்படுத்திக்கொள்ளுங்கள். பழைய அரசாணைகளும் தொகுப்புக்கு முரண்படாதவரை செல்லும். குறைத்துக் கொடுத்த தொகையோடு, அதில் பத்து மடங்கு வரை இழப்பீடும் அதிகாரி உத்தரவிடலாம். ஒப்பந்தக்காரர் கையை விரித்தால் நகராட்சிதான் கொடுக்க வேண்டும், முதன்மை வேலையளிப்பவரின், அதாவது வேலையை ஒப்பந்தத்துக்கு விட்டவரின், அந்தப் பொறுப்பு 1970ஆம் வருட ஒப்பந்தத் தொழிலாளர் சட்டத்திலேயே இருந்தது. ஆகவே மனுவில் இரண்டு பேரையும் எதிர்மனுதாரராகச் சேருங்கள். ஒப்பந்தக்காரரை மட்டும் சேர்த்துவிட்டு, அவர் டெண்டர் முடிந்து போன பிறகு முகவரி தேடி அலைந்தவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன்.

கேள்வி: அண்ணா, எங்ககிட்ட ஒரு துண்டுச் சீட்டுகூட இல்லீங்க. ஆர்டர் இல்ல, சம்பளச் சீட்டு இல்ல, ஏ.டி.எம். கார்டையும் சூப்பர்வைசரே வாங்கி வெச்சுக்கிட்டாரு. எதை வெச்சு நாங்க கேக்கறது?
(ஈரோடு மாவட்டம்)

பதில்: முதல் வேலை, நாளைக்கே வங்கிக்குப் போய் அந்தக் கார்டை முடக்கிவிட்டுப் புதுக் கார்டு எழுதிக் கொடுங்கள். யாரிடமும் சண்டை போட வேண்டாம், "கார்டு தொலைஞ்சு போச்சுங்க" என்று சொன்னால் போதும். ஒரு விதத்தில் தொலைந்துதானே போயிருக்கிறது. அப்படியே மூன்று வருடக் கணக்கு அறிக்கையும் வாங்கிக்கொள்ளுங்கள். மாதாமாதம் முழுக் கூலி ஏறி, அதே நாளில் ஒரே ஏ.டி.எம்.மில் ஐம்பது பேர் கணக்கிலும் அடுத்தடுத்து இரண்டாயிரம் மூவாயிரம் எடுக்கப்பட்டிருந்தால் அதைவிடப் பெரிய சாட்சி வேண்டியதில்லை.

காகிதமே இல்லை என்கிறீர்கள், உங்கள் போனைத் திறந்து பாருங்கள். காத்தால அஞ்சரை மணிக்கு வார்டில் வரிசையாக நிற்க வைத்து சூப்பர்வைசர் ஒரு போட்டோ எடுத்து வாட்ஸ்அப் குழுவில் போடுகிறாரா இல்லையா? தேதி, நேரம், சில சமயம் இடத்தின் பெயர்கூட அடியில் விழுந்திருக்கும். உங்களைக் கண்காணிக்க எடுத்த படம்தான், ஆனால் நீங்கள் அன்றைக்கு வேலைக்கு வந்ததற்கு அதுவே அத்தாட்சி. குழுவிலிருந்து உங்களை நீக்கிவிடும் முன்னால் எல்லாவற்றையும் வேறு ஒரு போனுக்கோ மெயிலுக்கோ அனுப்பி வையுங்கள். அடையாள அட்டை, சீருடை கொடுத்தபோது கையெழுத்து வாங்கிய பட்டியல், கொரோனா சமயத்தில் தடுப்பூசி போட்ட முன்களப் பணியாளர் சான்று, தீபாவளிக்கு ஸ்வீட் பாக்ஸ் கொடுத்தபோது எடுத்த படம், எதையும் தூக்கிப் போடாதீர்கள்.

ஒரு கதை சொல்கிறேன். எங்கள் வக்கீலிடம் வந்த ஒரு டிராக்டர் ஓட்டுநர் வழக்கில் வருகைப் பதிவேடே இல்லை என்று எதிர்த்தரப்பு சாதித்துவிட்டது. அவர் மனைவி சொசைட்டிக்குப் பால் ஊற்றுகிறவர். பால் கணக்கு எழுதுகிற மாதக் காலண்டரிலேயே வீட்டுக்காரர் வேலைக்குப் போகாத நாளில் ஒரு சின்ன வட்டம் போட்டு வைப்பாராம், சம்பளத்தில் எத்தனை நாள் பிடிப்பார்கள் என்று தனக்குத் தெரிய வேண்டும் என்பதற்காக. ஏழு வருடக் காலண்டரையும் மஞ்சப்பையில் சுருட்டிக்கொண்டு வந்து மேஜையில் வைத்தார். லிட்டர் கணக்கும் வட்டமும் கலந்து கிடந்த அந்தத் தாள்களை நீதிபதி ஒவ்வொன்றாகப் புரட்டிப் பார்த்தது இன்றைக்கும் என் கண்ணில் நிற்கிறது. அன்றைய தேதியில் எழுதின குறிப்புக்கு அவ்வளவு மதிப்பு. நீங்களும் இன்றைக்கே ஒரு நாற்பது பக்க நோட்டில் தேதி, வார்டு, வந்த நேரம், போன நேரம், கூட இருந்தவர்கள் என்று எழுத ஆரம்பியுங்கள். போன வருடத்தையெல்லாம் ஒரே பேனாவில் ஒரே நாளில் உட்கார்ந்து எழுதாதீர்கள், பார்த்த உடனே தெரிந்துவிடும்.

இன்னொன்று, கூலியைக் கொடுத்துவிட்டோம் என்று நிரூபிக்கிற பொறுப்பு புதிய தொகுப்பில் வேலை கொடுத்தவர் தலையில்தான் இருக்கிறது. நீங்கள் காட்ட வேண்டியது வேலை செய்தோம் என்பதை. மீதியை அவர்கள் காட்டட்டும்.

கேள்வி: ஐயா, பாசன வாய்க்காலில் என்.எம்.ஆர். (தினக்கூலிப் பட்டியல்) லஸ்கராக, அதாவது மதகு பார்க்கிறவனாக, இருக்கிறேன். 1997 ஆடிப் பதினெட்டு கழிந்து அடுத்த வாரம் சேர்ந்தேன். பத்து வருடம் முடித்தவர்களை நிரந்தரம் செய்தபோது எனக்கு ஒன்றரை வருடம் பற்றவில்லை என்று விட்டுவிட்டார்கள். இன்னும் சில வருடத்தில் வயது முடிந்துவிடும். பக்கத்து மதகில் நிரந்தர லஸ்கர் வாங்குவதில் பாதிகூட எனக்கு இல்லை. இனிமேல் ஏதாவது வழி உண்டா?
(ஈரோடு மாவட்டம்)

பதில்: உங்களுக்குத்தான் இந்த இதழின் தலைப்பு ஐயா. நீங்கள் இரண்டு விஷயத்தை ஒன்றாகக் கட்டி வைத்திருக்கிறீர்கள். உங்களைப் போன்றவர்கள் எல்லாருமே அப்படித்தான், இருபது வருடமாக "நிரந்தரம் ஆனால் சம்பளம் தானாக வந்துவிடும்" என்று காத்திருந்து, நிரந்தரமும் வராமல், காத்திருந்த வருடங்களின் கூலியும் போய்விடும்.

முதலில் நிரந்தரம். உங்களைத் தாண்டிப்போனது 28.2.2006 தேதியிட்ட பணியாளர் துறை அரசாணை 22. 1.1.2006 அன்று பத்து வருடம் முடித்திருக்க வேண்டும். அதே வருடம் ஏப்ரல் 10ஆம் தேதி உச்ச நீதிமன்றத்தில் ஐந்து நீதிபதிகள் உமாதேவி வழக்கில், முறையான தேர்வு இல்லாமல் உள்ளே வந்தவர்கள் நிரந்தரத்தை உரிமையாகக் கேட்க முடியாது, அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில் பத்து வருடம் இருந்தவர்களுக்கு ஒரே ஒரு முறை மட்டும் பார்க்கலாம் என்று சொன்னார்கள். அந்தத் தீர்ப்பைக் கையில் வைத்துக்கொண்டு எல்லா அரசாங்கங்களும் கதவைச் சாத்தின. 2013இல் நம் அரசு 74ஆம் எண் அரசாணை போட்டு, 1.1.2006க்குப் பிறகு பத்து வருடம் முடித்தவர்களுக்கு இது கிடையாது என்று தாழ்ப்பாளும் போட்டுவிட்டது.

இப்போது கதவு கொஞ்சம் அசைகிறது. 2024 டிசம்பர் 20இல் ஜக்கோ வழக்கு, மத்திய நீர் ஆணையத்தில் கூட்டிப் பெருக்கிய பெண்களும் ஒரு தோட்டக்காரரும் போட்டது. 2025 ஜனவரியில் காசியாபாத் மாநகராட்சித் தோட்டக்காரர்கள் வழக்கு. அதே வருடம் ஆகஸ்டில் உத்தரப் பிரதேசத் தினக்கூலி ஊழியர்களின் தரம் சிங் வழக்கு. மூன்றிலும் உச்ச நீதிமன்றம் சொன்னதன் சாரம், வருடம் முழுக்க நடக்கிற நிரந்தர வேலைக்கு ஆளை மட்டும் தற்காலிகம் என்று பெயர் வைத்துப் பத்து இருபது வருடம் ஓட்டிவிட்டு, பிறகு உமாதேவியைக் கேடயமாகப் பிடிக்கக் கூடாது என்பது. மதகுக்கு ஆள் வேண்டியது நேற்றைக்கு இன்றைக்கா? காளிங்கராயன் வாய்க்கால் வெட்டின காலத்திலிருந்து வேண்டும். இந்த மூன்று தீர்ப்பையும் காட்டித் துறைக்கு ஒரு மனு கொடுங்கள், பதில் வராவிட்டால் உயர் நீதிமன்றம். ஆனால் இது நீண்ட வழி, முடிவு எப்படி வரும் என்று யாரும் உங்களுக்கு உறுதி கொடுக்க முடியாது, கொடுக்கிறவரிடம் ஃபீஸ் கட்டாதீர்கள்.

கூலிக் கணக்கு வேறு. 26.10.2016 அன்று உச்ச நீதிமன்றத்தில் பஞ்சாப் அரசுக்கும் ஜக்ஜித் சிங்குக்கும் நடந்த வழக்கில், தினக்கூலியோ தற்காலிகமோ ஒப்பந்தமோ, நிரந்தர ஊழியர் செய்கிற அதே வேலையைச் செய்தால் அந்தப் பதவிக்குரிய காலமுறை ஊதியத்தின் தொடக்கப் புள்ளியையாவது கொடுக்க வேண்டும் என்று சொல்லியிருக்கிறார்கள். இதற்கு நிரந்தரம் ஆகியிருக்கத் தேவையில்லை, முறையான வழியில் சேர்ந்தீர்களா என்ற கேள்வியும் குறுக்கே வராது. உமாதேவியின் சுவர் இந்தப் பக்கம் இல்லை. நீங்கள் நிரூபிக்க வேண்டியது ஒன்றுதான், அதே வேலை, அதே பொறுப்பு. முறை வைத்துத் தண்ணீர் விடுகிற நாட்களில் இரவு மதகு யார் காத்தார்கள், ஷட்டர் திறந்து மூடுகிற பதிவில் யார் கையெழுத்து, கரை உடைந்தபோது யாரை அனுப்பினார்கள், இதையெல்லாம் தகவல் உரிமையில் எடுங்கள். பக்கத்து மதகு நிரந்தர லஸ்கர் ஒருவர் ஓய்வு பெற்றவராக இருந்தால் ஒரு உறுதிமொழிப் பத்திரம் கொடுப்பாரா என்று கேட்டுப் பாருங்கள். பணியில் இருப்பவரைச் சங்கடப்படுத்த வேண்டாம்.

நிலுவை எவ்வளவு கிடைக்கும் என்றால், சம்பளம் குறைவது மாதாமாதம் தொடர்கிற தவறு என்பதால் வழக்கே காலாவதி ஆகாது, ஆனால் பின்னோக்கிய நிலுவையை வழக்குப் போட்ட நாளுக்கு முந்தைய மூன்று வருடத்தோடு நிறுத்திவிடுவார்கள் (2008 தர்செம் சிங் தீர்ப்பு). அதாவது நீங்கள் யோசித்துக்கொண்டிருக்கிற ஒவ்வொரு மாதமும் பின்னால் ஒரு மாதம் உதிர்கிறது. ஈரோடு என்பதால் நீங்கள் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போக வேண்டும். கரூர்க்காரர்கள் கவனிக்க, உங்களுக்கு மதுரைக் கிளை. செலவுக்குப் பயந்தால் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக் குழுவில் எழுதிக் கொடுங்கள், 15100 என்ற எண்ணிலும் கேட்கலாம். பெண்கள், பட்டியல் வகுப்பினர், பழங்குடியினர், தொழிலாளர்கள் இவர்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் வக்கீல் கொடுப்பார்கள்.

கேள்வி: அரசுப் பண்ணையில் நாற்று எடுக்கிறோம், பாத்தி கட்டுகிறோம். ஆம்பளையாளுக்கு ஒரு கூலி, எங்களுக்கு நூறு ரூபாய் குறைவு. கேட்டால் தோட்டங்காட்டு வழக்கம் என்கிறார்கள்.
(கோவை மாவட்டம்)

பதில்: தோட்டங்காட்டில் நடக்கிறதே தப்பு, அதை அரசாங்கம் காப்பியடிக்கிறதா? 1976லேயே சம ஊதியச் சட்டம் வந்தது, இப்போது ஊதியத் தொகுப்பின் மூன்றாவது பிரிவு. ஒரே வேலை அல்லது ஒரே தன்மையுள்ள வேலை என்றால் ஆண் பெண் வித்தியாசம் கூடாது. "அவங்க மூட்டை தூக்குவாங்க" என்று ஒரு பதில் வரும். மூட்டை தூக்குகிற நாளுக்குத் தனிக் கூலி போடட்டும், பாத்தி கட்டுகிற நாளுக்கு ஏன் நூறு ரூபாய் வித்தியாசம் என்று கேளுங்கள். தனியாகப் போகாதீர்கள், பத்துப் பேர் கையெழுத்தோடு போங்கள்.

கேள்வி: நான் ஊராட்சியில டேங்க் ஆபரேட்டர். மோட்டார் போடறது, டேங்க் கழுவறது, குளோரின் போடறது, பைப் உடைஞ்சா ஓடறது எல்லாம் நான்தானுங்க. கேட்டா உனக்குக் குடுக்கறது சம்பளம் இல்ல, மதிப்பூதியம்னு கிளர்க் சொல்றாரு. மதிப்பூதியம்னா கம்மியாக் குடுக்கலாமுங்களா?
(நாமக்கல் மாவட்டம்)

பதில்: மதிப்பூதியம் என்கிற சொல்லைக் கண்டுபிடித்தவர் நல்ல கெட்டிக்காரர். மதிப்பும் இல்லை, ஊதியமும் இல்லை. பெயர் என்ன வைத்தாலும் நேரம் வைத்து, மேற்பார்வை வைத்து, வராவிட்டால் பிடித்தம் செய்து வேலை வாங்கினால் கொடுப்பது கூலிதான். குறைந்தபட்சக் கூலிக்குக் கீழே கொடுத்து வேலை வாங்குவது அரசியல் சட்டம் 23ஆவது பிரிவு தடுக்கிற கட்டாய உழைப்பு என்று 1982லேயே ஆசிய விளையாட்டுக் கட்டுமானத் தொழிலாளர் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அடுத்த வருடம் ராஜஸ்தானில் பஞ்ச நிவாரண வேலை செய்தவர்களுக்கும் அதையே சொன்னது, நிவாரணம் என்று பெயர் வைத்தாலும் கூலி கூலிதான் என்று.

உங்கள் வழக்கில் ஊராட்சி சொல்லப்போகும் பதில் எனக்குத் தெரியும், "இது பகுதி நேர வேலை, காலையில் ஒரு மணி நேரம், சாயங்காலம் ஒரு மணி நேரம்". ஆகவே உங்களுக்கு நேரம்தான் சாட்சி. எத்தனை டேங்க், எத்தனை வால்வு, ஒரு டேங்க் நிரம்ப எவ்வளவு நேரம், எந்தெந்தத் தெருவுக்கு எத்தனை மணிக்குத் தண்ணீர் விடுகிறீர்கள், இதை ஒரு மாதம் விடாமல் எழுதுங்கள். மும்முனை மின்சாரம் எப்போது வரும் என்று நடுச்சாமத்தில் விழித்திருக்கிறீர்களே, அதையும் எழுதுங்கள். ஊர்க்குழுவில் "அண்ணா தண்ணி வரல" என்று மக்கள் போடுகிற செய்தியும் அதற்கு நீங்கள் போடுகிற பதிலும் நல்ல ஆதாரம்.

கேள்வி: வேலைநிறுத்தம் செய்தால் வேலையை விட்டு நிறுத்திவிடுவார்களா?
(பலர்)

பதில்: முன்னறிவிப்பு இல்லாமல் இறங்கினால் அதுவே அவர்களுக்குச் சாக்கு. எழுத்தில் நோட்டீஸ் கொடுத்து 14 நாள் கழிய வேண்டும். தூய்மைப் பணி பொதுப் பயன்பாட்டுச் சேவை என்பதால் பழைய சட்டத்திலும் உங்களுக்கு இதே 14 நாள்தான், இப்போது எல்லாருக்கும் ஆக்கிவிட்டார்கள். சமரசப் பேச்சு நடக்கும்போது நிறுத்தம் கூடாது. கோரிக்கை மனு, நோட்டீஸ், பேச்சுவார்த்தைக் குறிப்பு மூன்றும் கையில் இல்லாமல் யார் பேச்சையும் கேட்டு ரோட்டில் உட்காராதீர்கள்.

கேள்வி: நான் ஒரு பேரூராட்சி கவுன்சிலர். உங்கள் பதில்கள் எல்லாம் தொழிலாளர் பக்கமே இருக்கும் என்று தெரியும். எங்கள் பக்கமும் கேளுங்கள். வரி வசூலாவதில்லை, வருகிற நிதி கரண்ட் பில்லுக்கே சரியாகப் போகிறது. கலெக்டர் கூலி கொடுக்கப் பணத்துக்கு எங்கே போவது?
(திருப்பூர் மாவட்டம்)

பதில்: கேட்டதற்கு நன்றி, நிஜமாகவே. நிதி நெருக்கடி பொய் என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் தரம் சிங் வழக்கில் அரசாங்கம் இதே பதிலைச் சொன்னபோது, அடிப்படை வேலை செய்கிறவர்களின் முதுகில் பட்ஜெட்டைச் சரிக்கட்டக் கூடாது என்று நீதிமன்றம் கண்டித்திருக்கிறது. அதை விடுங்கள், ஒரு கணக்குப் பார்ப்போம்.

உங்களுக்கு 40 ஆள் வேண்டும், 26 நாள், 500 ரூபாய் கூலி என்றால் கூலி மட்டும் மாதம் 5,20,000. பி.எஃப்., இ.எஸ்.ஐ. முதலாளி பங்கு பதினாறேகால் சதவீதம், 84,500. ஆக 6,04,500. இதில் ஒப்பந்தக்காரர் லாபம், கையுறை, துடைப்பம், வண்டி ரிப்பேர் எதுவும் சேரவில்லை. இப்போது குறைந்த விலைப்புள்ளி என்று ஒருவர் ஐந்தரை லட்சம் போட்டிருப்பார், மன்றமும் மேஜையைத் தட்டி ஏற்றிருக்கும். ஐம்பத்து நாலாயிரத்துச் சொச்சம் குறைகிறதே, அதை அவர் தன் வீட்டிலிருந்தா கொண்டுவருவார்? ஒன்று 40 ஆளுக்கு 30 ஆளை வைத்து ஓட்டுவார், இல்லை கூலியில் கை வைப்பார், பெரும்பாலும் இரண்டும். ஆக, தீர்மானத்தில் கை தூக்கினபோதே கூலித் திருட்டுக்கும் சேர்த்துக் கை தூக்கியாயிற்று. கோபித்துக்கொள்ளாதீர்கள், நீங்கள் தெரிந்து செய்யவில்லை என்றே நம்புகிறேன்.

கவுன்சிலராக நீங்கள் செய்யக்கூடியது, கூலிக்கும் முதலாளி பங்குக்கும் கீழே போகும் எந்தப் புள்ளியையும் நிராகரிக்க வேண்டும் என்று டெண்டர் நிபந்தனையில் சேர்க்கச் சொல்வது. போன மாதக் கூலி வங்கிக்குப் போனதற்கும், ஆள்வாரியாக பி.எஃப். கட்டியதற்கும் பட்டியல் வைக்காமல் இந்த மாத பில்லை விடக்கூடாது என்று தீர்மானம் போடுவது. இதற்கு ஒரு ரூபாய் கூடுதல் நிதி தேவையில்லை. நாளைக்கு ஒப்பந்தக்காரர் ஓடிப்போனால் முழு நிலுவையும் உங்கள் பேரூராட்சி தலையில்தான் விடியும், அப்போது கரண்ட் பில் எப்படிக் கட்டுவீர்கள்?

கேள்வி: எங்க அம்மா பதினாலு வருசம் ஒப்பந்தத்துல தூய்மைப் பணி செஞ்சாங்க. கான்ட்ராக்ட் மூணு கை மாறுச்சு, வார்டும் வேலையும் மாறல. அறுபது வயசாச்சுன்னு போன மாசம் வர வேண்டாம்னுட்டாங்க. ஒரு பைசா கொடுக்கல. கேக்க ஏதாச்சும் இருக்குதுங்களா?
(மகள், கரூர் மாவட்டம்)

பதில்: இருக்குது கண்ணு, இரண்டு இருக்கிறது. ஒன்று பணிக்கொடை. ஐந்து வருடம் தொடர்ந்து வேலை செய்தவருக்கு வருடத்துக்குப் பதினைந்து நாள் கூலி. கடைசிக் கூலி 500 ரூபாய் என்றால் 500 × 15 × 14, ஒரு லட்சத்து ஐயாயிரம் ரூபாய். கடைசி ஒப்பந்தக்காரர் "என்னிடம் மூன்று வருடம்தான்" என்பார், அலுவலகம் "எங்கள் ஆளே இல்லை" என்னும். வார்டு மாறவில்லை, வேலை மாறவில்லை, மேலே கணக்கு எழுதினவர் மட்டும் மாறினார் என்பதுதான் உங்கள் வாதம், அதற்கு மேலே இரண்டாவது பதிலில் சொன்ன ஆதாரங்கள் எல்லாம் பயன்படும். இருவருக்குமே விண்ணப்பம் அனுப்புங்கள். முப்பது நாளுக்குள் கேட்க வேண்டும் என்று இருக்கிறது, தாமதமானால் உரிமை போய்விடாது, ஆனாலும் இந்த வாரமே அனுப்பிவிடுங்கள். நேரில் கொடுத்து நகலில் சீல் வாங்குங்கள். சீல் போட மறுத்தால் ஸ்பீடு போஸ்ட். பதிவுத் தபாலை 2025இல் அதோடு சேர்த்துவிட்டார்கள், அதனால் கவுண்டரில் ஒப்புகையோடு வேண்டும் என்று கேட்டு வாங்குங்கள். பதில் இல்லையென்றால் தொழிலாளர் துறையில் பணிக்கொடைக்கான கட்டுப்பாட்டு அதிகாரியிடம் மனு.

இரண்டாவது பி.எஃப். பென்ஷன். இதைப் பலர் கேட்பதே இல்லை. பத்து வருடம் பென்ஷன் நிதிக்குப் பணம் போயிருந்தால் 58 வயதிலிருந்து அம்மாவுக்கு மாதாமாதம் பென்ஷன் உண்டு, குறைந்தபட்சம் ஆயிரம் ரூபாய். மூன்று ஒப்பந்தக்காரர்களும் மூன்று வேறு பி.எஃப். எண் போட்டிருந்தால் முதலில் அவற்றை ஒரே யு.ஏ.என்.னில் சேர்க்க வேண்டும், இல்லாவிட்டால் தனித்தனியாகப் பார்த்துப் பத்து வருடம் இல்லை என்று சொல்லிவிடுவார்கள். பி.எஃப். அலுவலக வாசலில் நிற்கிற ஏஜெண்ட் "மொத்தமா எடுத்துத் தர்றேங்க்கா, பத்து பர்சென்ட் குடுங்க" என்று வருவார். அவர் சொல்கிற இடத்தில் அம்மாவைக் கைரேகை வைக்க விடாதீர்கள். பென்ஷனுக்குப் போட வேண்டியது 10டி படிவம், அதை அலுவலகத்தில் சும்மாவே கொடுக்கிறார்கள்.